முதல் மாநாடு 1831-இலா? வேட்பாளரை முன்மொழியும் உரிமை கைமாறிய கதை

கேட்டவர் எழுதியிருந்தது இவ்வளவுதான்: "அமெரிக்காவில் அதிபர் வேட்பாளரைத் தேர்ந்தெடுக்கும் கட்சி மாநாட்டை 1831-இல் முதன்முதலில் நடத்தியது ஃபிரீமேசன் எதிர்ப்புக் கட்சி என்று படித்தேன். அவ்வளவு சிறிய கட்சிக்கு இந்த யோசனை எப்படித் தோன்றியது? பெரிய கட்சிகள் ஏன் உடனே அதைப் பின்பற்றின?" (ஃபிரீமேசன் என்பது ஒரு ரகசியச் சங்கம்.) ஒரு பத்தியில் பதில் சொல்லிவிடலாம். ஆனால் கேள்விக்குள்ளேயே இரண்டு முடிவுகள் ஒளிந்திருக்கின்றன. 1831-இல் யாரோ புதிதாகக் கண்டுபிடித்தார்கள் என்பது ஒன்று. மற்றவர்கள் உடனே அதைக் கைக்கொண்டார்கள் என்பது இன்னொன்று. முதலாவது பாதி சரி. இரண்டாவதைப் பெரும்பாலும் மறுக்க வேண்டியிருக்கிறது. அவர் உண்மையில் கேட்க நினைத்தது, 'இவர்தான் எங்கள் வேட்பாளர்' என்று சொல்லும் அதிகாரம் யாரிடமிருந்து யாரிடம் எப்படிப் போனது என்பதுதான் என்று எடுத்துக்கொண்டு எழுதுகிறேன்.

கல்லூரியில் முதுகலை மாணவர்களுக்கு இருபது ஆண்டுகளுக்கு மேல் அமெரிக்க வரலாறு நடத்தியவன் நான். இந்தப் பகுதியைப் படித்தது பெரும்பாலும் ஹைதராபாத்தில், உஸ்மானியா பல்கலைக்கழக வளாகத்தில் இருந்த அமெரிக்க ஆய்வு மைய நூலகத்தில். மைக்ரோஃபிலிம் சுருளைத் திருப்பித் திருப்பிக் கண் எரிந்ததுதான் அதிகம். பென்சில்வேனியா, நியூயார்க் மாநிலங்களைப் பற்றிப் படித்த அளவுக்குத் தென்மாநிலங்களைப் பற்றி நான் படித்ததில்லை. அந்தக் குறையை மனத்தில் வைத்துக்கொண்டு வாசியுங்கள்.

முதலில் சொல் குழப்பத்தைத் தீர்த்துவிடுவோம். 'மாநாடு' என்றதும் நமக்குப் பந்தலும் வளைவுகளும் லட்சம் பேர் திரண்ட திடலும்தான் நினைவுக்கு வரும். இங்கே பேசப்படுவது அதுவன்று. ஒவ்வோர் ஊரிலிருந்தும் இத்தனை பேர் என்று கணக்கிட்டு அனுப்பப்பட்ட பிரதிநிதிகள், ஓர் அறையில் கூடி, வாக்கெடுத்து, ஒரு பெயரை முடிவு செய்யும் கூட்டம் இது. நூறு பேர் உட்கார்ந்தால் நிறைந்துவிடும். இதன் உயிர் 'அனுப்பப்பட்ட' என்ற சொல்லில் இருக்கிறது. வந்தவர் தன் பெயரில் வரவில்லை, யாரோ அனுப்பி வந்திருக்கிறார்.

1787-இல் பிலடெல்பியாவில் எழுதப்பட்ட அரசியலமைப்பில் கட்சி என்ற பேச்சே இல்லை. அதிபரைத் தேர்ந்தெடுக்க மாநிலந்தோறும் தேர்வாளர்கள் உண்டு. ஆனால் அந்தத் தேர்வாளர்கள் யாருடைய பெயரை மனத்தில் வைத்து வாக்களிக்க வேண்டும் என்று எவரும் எங்கும் எழுதிவைக்கவில்லை. ஜார்ஜ் வாஷிங்டன் இருந்தவரை அந்தக் கேள்வி எழவில்லை. அவர் விலகியதும் எழுந்தது. அப்போது இந்த வேலையைக் கையில் எடுத்துக்கொண்டவர்கள், ஏற்கெனவே தலைநகரில் கூடியிருந்த காங்கிரஸ் உறுப்பினர்கள், அதாவது அந்நாட்டு நாடாளுமன்றத்தார். அதுதான் 'காக்கஸ்'. ஒரே கட்சியைச் சேர்ந்த செனட்டர்களும் பிரதிநிதிகள் சபை உறுப்பினர்களும் ஒரு மாலையில் தனியாகக் கூடி, 'இந்த முறை இவர்' என்று பேசி முடிப்பார்கள். 1800-இல் இரு கட்சிகளும் இப்படிச் செய்தன. 1804 முதல் ஜெஃபர்சனின் ரிபப்ளிகன் கட்சி (இன்று அந்தப் பெயரில் இருப்பது வேறு கட்சி) இதை ஒளிவுமறைவின்றியே செய்தது.

காக்கஸ் என்ற சொல் அதற்கும் பழையது. ஜான் ஆடம்ஸ் 1763 பிப்ரவரியில் தன் நாட்குறிப்பில் பாஸ்டன் நகரக் காக்கஸ் ஒன்றைப் பற்றி எழுதியிருக்கிறார். டாம் டாவ்ஸ் என்பவர் வீட்டுப் பரணில் கூடுகிறார்களாம். அறையின் ஒரு மூலையிலிருந்து மறு மூலை தெரியாத அளவுக்குப் புகையிலைப் புகை. குடிக்க மதுக்கலவை. நகரசபைக்கு யார், வரி வசூலுக்கு யார் என்றெல்லாம் ஊர் தேர்ந்தெடுப்பதற்கு முன்பே அங்கே முடிவாகிவிடுகிறது. மாணவர்களுக்கு நான் முதலில் படித்துக் காட்டுவது இந்தப் பகுதியைத்தான். பிறகு அறுபது ஆண்டுகள் அமெரிக்கர்கள் 'காக்கஸ்' என்று எரிச்சலோடு சொன்னபோதெல்லாம் அவர்கள் மனத்தில் இருந்தது அந்தப் பரண்தான்.

ஆனால் காக்கஸைச் சதி என்று மட்டும் பார்ப்பவர்கள் தூரத்தை மறந்துவிடுகிறார்கள். ரயில் இல்லாத காலம் அது. பாஸ்டனிலிருந்து வாஷிங்டனுக்கு வருவதென்றால் நாள் கணக்கில் வண்டியில் குலுங்க வேண்டும். பணமும் வேண்டும், பிழைப்பை விட்டு வர முடிகிறவராகவும் இருக்க வேண்டும். சட்டமன்ற உறுப்பினர்களோ அரசுச் செலவில் ஏற்கெனவே ஓரிடத்தில் இருக்கிறார்கள். மாநிலத் தலைநகரிலும் இதே கதைதான். ஆளுநர் வேட்பாளரை அங்கே மாநிலச் சட்டமன்றக் காக்கஸ் முடிவு செய்தது. கட்சிக்கு வேறு அமைப்பு எதுவும் இல்லாதபோது, மலிவாகக் கிடைத்த அமைப்பு சட்டமன்றம்.

அந்த மலிவுக்குள் ஒரு ஓட்டை இருந்தது. ஒரு மாவட்டத்தில் உங்கள் கட்சி தோற்றிருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். அங்கிருந்து சட்டமன்றத்துக்கு வந்திருப்பவர் எதிர்க்கட்சிக்காரர். அப்படியானால் அந்த மாவட்டத்தில் உங்கள் கட்சிக்கு வாக்களித்த ஆயிரக்கணக்கானோருக்குக் காக்கஸில் வாயே இல்லை. இந்தப் புகாருக்கு மாநிலங்களில் ஒரு ஒட்டு வேலை செய்தார்கள். கட்சி தோற்ற மாவட்டங்கள் மட்டும் தனியே ஆள் அனுப்பலாம், அவர்கள் சட்டமன்ற உறுப்பினர்களோடு சேர்ந்து உட்காரலாம் என்றார்கள். 'கலப்புக் காக்கஸ்' என்று இதற்குப் பெயர். பாடநூல்கள் இதை ஒரு வரியில் தாண்டிப் போகும். என் கணக்கில் முழுக் கதையின் திருப்பம் இங்கேதான் இருக்கிறது. ஏனென்றால் அந்த அறையில் இப்போது இரண்டு வகையான ஆட்கள் உட்கார்ந்திருக்கிறார்கள். ஒருவர் வேறு வேலைக்காகத் தேர்ந்தெடுக்கப்பட்டு வந்து, இதையும் செய்கிறார். இன்னொருவர் இந்த ஒரு வேலைக்காகவே அனுப்பப்பட்டிருக்கிறார். இருவரில் யாருக்கு அதிக உரிமை என்று யாராவது கேட்டே தீர்வார்கள். கேட்டார்கள். அதற்குச் சட்டமன்ற உறுப்பினரிடம் நல்ல பதில் இருக்கவில்லை.

கீழ்மட்டத்தில் இதற்கு வெகு முன்பே பிரதிநிதிக் கூட்டங்கள் நடந்துகொண்டிருந்தன. 1788-இலேயே, முதல் காங்கிரஸுக்கு ஆட்களை நிறுத்துவதற்காகப் பென்சில்வேனியாவில் ஒரு தரப்பு ஹாரிஸ்பர்க்கிலும் மறுதரப்பு லான்காஸ்டரிலும் கூடியிருக்கின்றன. அவை ஒரு முறை நடந்து கலைந்தவை, தொடர்ந்து நிலைக்கவில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்க ஆண்டுகளில் டெலவேர், நியூஜெர்சி, பென்சில்வேனியா ஆகிய நடு மாநிலங்களில்தான் வழக்கம் வேரூன்றியது. டெலவேரில் கவுண்டியின் (நம் மாவட்டம் போன்றது) உட்பிரிவுக்கு 'ஹண்ட்ரட்' என்று பெயர். ஒவ்வொரு ஹண்ட்ரடும் ஆள் அனுப்பும், அவர்கள் கவுண்டி அளவில் கூடுவார்கள். பென்சில்வேனியாவில் டவுன்ஷிப் (கவுண்டியின் உட்பிரிவு) கூட்டம் கவுண்டிக்கு ஆள் அனுப்பும். ஒரு காங்கிரஸ் தொகுதியில் இரண்டு மூன்று கவுண்டிகள் இருந்தால் ஒவ்வொரு கவுண்டியும் 'கான்ஃபரீ' என்று சிலரை நியமிக்கும். அவர்கள் நடுவில் ஏதாவது ஒரு விடுதியில் சந்தித்துப் பேசி முடிப்பார்கள். 1817-இல் அதே மாநிலத்தில் ஆளுநர் வேட்பாளரையே பிரதிநிதிக் கூட்டம் அறிவித்தது. 1824 மார்ச் 4 அன்று ஹாரிஸ்பர்க் மாநாடு ஆண்ட்ரூ ஜாக்சனை அதிபர் பதவிக்கும் ஜான் கால்ஹூனைத் துணை அதிபர் பதவிக்கும் முன்மொழிந்தது. அந்த ஆண்டே நியூயார்க்கில், மாநிலத் தலைநகரான ஆல்பனியின் காக்கஸுக்கு எதிராக நின்றவர்கள் யூட்டிகாவில் மாநாடு கூட்டி டெவிட் கிளின்டனை ஆளுநர் பதவிக்கு நிறுத்தினார்கள். அவர் வெற்றியும் பெற்றார். இரண்டே ஆண்டுகளில், 1826-இல், அதே காக்கஸை நடத்திவந்த, நியூயார்க் தலைவர் வான் பியூரனின் ஆட்களும் ஹெர்க்கிமரில் மாநாடு நடத்தித் தங்கள் ஆளுநர் வேட்பாளரை அறிவித்தார்கள். நேற்றுவரை திட்டியதை இன்று தாங்களே செய்தார்கள். அதற்காக அவர்கள் வெட்கப்பட்டதாகத் தெரியவில்லை.

சரி, தேசிய அளவில் 1831-க்கு முன் எதுவுமே இல்லையா? இங்கேதான் வரலாற்றாசிரியர்கள் சண்டைக்கு வருவார்கள். 1896-இல் ஜான் மர்டாக் என்பவர் ஓர் ஆய்விதழில், முதல் தேசிய நியமன மாநாடு 1812 செப்டம்பரில் நியூயார்க் நகரில், ஜெஃபர்சன் கட்சியின் எதிரிகளான ஃபெடரலிஸ்டுகள் நடத்தியது என்று எழுதினார். பதினொரு மாநிலங்களிலிருந்து எழுபது பேர் அளவில் வந்திருந்தார்கள். பதினாறு ஆண்டுகள் கழித்து அதே ஆய்விதழில், அப்போது இளைஞராக இருந்த சாமுவேல் எலியட் மாரிசன், அதற்கும் நான்கு ஆண்டுகள் முந்தைய ஒன்றைக் காட்டினார். 1808 ஆகஸ்டில் அதே நியூயார்க்கில் ஃபெடரலிஸ்ட் தலைவர்கள் ரகசியமாகக் கூடி, பிங்க்னியை அதிபர் பதவிக்கும் ருஃபஸ் கிங்கைத் துணை அதிபர் பதவிக்கும் தீர்மானித்திருக்கிறார்கள். எதிர்முகாமிலிருந்த ஜார்ஜ் கிளின்டனை ஆதரிப்பதா, சொந்த ஆளை நிறுத்துவதா என்பதுதான் அங்கே பேசப்பட்டது.

மாரிசனுக்கு இது எப்படித் தெரிந்தது என்பது முக்கியம். கூட்டத்துக்கு அழைப்பு விடுத்த மாசசூசெட்ஸ் குழுவில் இருந்தவர்களில் ஒருவர் ஹாரிசன் கிரே ஓட்டிஸ். மாரிசன் ஓட்டிஸின் வழித்தோன்றல். குடும்பத்தின் பழைய கடிதங்கள் அவர் கைக்கு வந்தன. 'எங்கே கூடுவது, யாரைக் கூப்பிடுவது, வெளியே கசியாமல் எப்படிப் பார்த்துக்கொள்வது' என்று தலைவர்கள் ஒருவருக்கொருவர் எழுதிக்கொண்ட கடிதங்கள் அவை. அந்தக் காகிதங்கள் கரையானுக்குப் போயிருந்தால் 1808 கூட்டத்தைப் பற்றி நாம் இவ்வளவு தெளிவாகப் பேசிக்கொண்டிருக்க மாட்டோம். 'முதல்' என்று ஒன்றைச் சொல்லும்போது, கண்ணுக்குப் பட்டவற்றில் முதல் என்றுதான் பொருள். இதை வகுப்பில் நான் சலிக்காமல் சொல்லிவந்தேன். மாணவர்கள்தான் சலித்துப்போனார்கள்.

இப்போது என் கருத்தைச் சொல்லிவிடுகிறேன். 1808, 1812 கூட்டங்கள் பல மாநிலங்களிலிருந்து வந்தவர்கள் கூடிய தேசியக் கூட்டங்கள் என்பதில் சந்தேகம் இல்லை. ஆனால் வந்தவர்களைக் கட்சிக் குழுக்கள் தங்களுக்குள் பேசி அனுப்பின. கீழே மக்கள் கூடி அனுப்பவில்லை. 1812-இல் டெவிட் கிளின்டனை ஆதரிப்பதென்று முடிவாயிற்று, ஆனால் முறைப்படி அவரை வேட்பாளராக அறிவிக்கவில்லை. ஒரு மாநிலத்துக்கு எத்தனை இடம் என்ற கணக்கும் இல்லை. 'மாநாடு' என்பதற்குப் பல மாநிலத்தார் கூடினால் போதும் என்று வரையறை வைத்தால் 1808 முதலிடம் பெறும். பகிரங்கமாக அழைக்கப்பட்டு, இடக்கணக்கோடு, இந்த வேலைக்கென்றே அனுப்பப்பட்டவர்கள் கூடி வாக்கெடுப்பது என்று வரையறை வைத்தால் 1831 முதலிடம் பெறும். நான் இரண்டாவது பக்கம். மாரிசன் கண்டெடுத்ததன் மதிப்பு இதனால் குறைந்துவிடாது. ஃபெடரலிஸ்டுகள் ஏன் அந்த வழிக்குப் போனார்கள் என்று யோசித்தால் ஒன்று பிடிபடும். அவர்களுக்குக் காங்கிரஸில் ஆள் குறைந்துபோயிருந்தது. காக்கஸ் கூட்டினால் பாதி நாடு காலியாக இருக்கும். காக்கஸ் நடத்த வக்கில்லாத கட்சிதான் மாநாட்டைத் தேடிப்போகிறது. இதை மறந்துவிடாதீர்கள், 1831-க்கும் இதுதான் திறவுகோல்.

இடையில் காக்கஸ் எப்படிச் செத்தது என்பதையும் பார்க்க வேண்டும். மாநாடு வந்து அதைக் கொன்றது என்று பலர் நினைக்கிறார்கள். தேசிய மாநாடு வருவதற்கு ஏழு ஆண்டுகளுக்கு முன்பே அது செத்துவிட்டது. 1816-இலேயே ஆட்டம் கண்டிருந்தது. அப்போது ஜெஃபர்சன் கட்சிக் காக்கஸில் அதிபர் வேட்பாளராகப் போட்டியிட்ட மன்றோவுக்கு 65, கிராஃபோர்டுக்கு 54 என்று நூலிழையில்தான் முடிந்தது. 1824 பிப்ரவரி 14 மாலை பிரதிநிதிகள் சபை மண்டபத்தில் காக்கஸ் கூடியபோது, இரு அவைகளின் 261 இடங்களில் 66 பேர்தான் வந்தார்கள். வராதவர்களில் பெரும்பாலோர், அதிபர் பதவிக்குக் கண் வைத்திருந்த மற்றவர்களான ஜான் குவின்சி ஆடம்ஸ், ஜாக்சன், கிளே, கால்ஹூன் ஆகியோரின் ஆதரவாளர்கள். வந்தால் முடிவுக்குக் கட்டுப்பட வேண்டியிருக்கும் என்பதால் வரவில்லை. கிராஃபோர்டு 64 வாக்குகளோடு 'வென்றார்'. தேர்தலில் தேர்வாளர் வாக்குகளில் ஜாக்சன் 99, ஆடம்ஸ் 84, கிராஃபோர்டு 41, கிளே 37. பால்டிமோரில் வாரப் பத்திரிகை நடத்திய ஹெசக்கையா நைல்ஸ் காக்கஸை விடாமல் சாடிவந்தவர். எதிர்ப்பாளர்களின் வாதங்களில் எனக்குப் பிடித்தது ஒன்று உண்டு. காங்கிரஸ் உறுப்பினர் எவரும் தேர்வாளராக இருக்கக் கூடாது என்று அரசியலமைப்பே தடுக்கிறது. அப்படியிருக்க, தேர்வாளர்கள் யாருக்கு வாக்களிக்க வேண்டும் என்று அதே உறுப்பினர்கள் கூடி முடிவு செய்வது எந்த நியாயம்? வாசலை அடைத்துவிட்டுச் சன்னல் வழியே நுழைகிறீர்களே என்பதுதான் அந்த வாதத்தின் சாரம்.

காக்கஸ் போன பிறகு சில காலம் எவரும் எந்த ஒழுங்கும் இல்லாமல்தான் இருந்தார்கள். டென்னசி சட்டமன்றம் ஜாக்சனை 1822-இல் ஒரு முறையும் 1825-இல் மறுமுறையும் முன்மொழிந்தது. அங்கங்கே மாநிலச் சட்டமன்றங்கள், மாநில மாநாடுகள், வெறும் பொதுக்கூட்டங்கள் எல்லாமே பெயர் சொல்லின. 1827 ஜனவரியில் மார்ட்டின் வான் பியூரன், ரிச்மண்ட் பத்திரிகை ஆசிரியர் தாமஸ் ரிச்சிக்கு ஒரு கடிதம் எழுதினார். காக்கஸுக்குப் பதில் தேசிய மாநாடு கூட்டலாம், தெற்கின் தோட்ட முதலாளிகளும் வடக்கின் சாதாரண ரிபப்ளிகன்களும் மீண்டும் ஒரே கட்சியாகலாம் என்பது அவர் யோசனை. ஆக, யோசனை 1831-க்கு முன்பே பெரிய கட்சியின் பெரிய தலை ஒன்றில் உதித்திருந்தது. 1828-இல் அது நடக்கவில்லை. ஜாக்சன் ஒருவர்தான் வேட்பாளர் என்பதில் அவர் பக்கத்தில் எவருக்கும் ஐயம் இருக்கவில்லை, அப்புறம் மாநாடு எதற்கு?

ஆனால் அடியில் ஒன்று மாறிக்கொண்டிருந்தது. 1824-இல் 24 மாநிலங்களில் ஆறில் தேர்வாளர்களைச் சட்டமன்றமே நியமித்தது. 1828-இல் அப்படிச் செய்தவை இரண்டு. 1832-இல் தென் கரோலினா ஒன்றுதான். மற்ற இடங்களில் மக்களே வாக்களித்தார்கள், பெரும்பாலும் மாநிலம் முழுவதற்கும் ஒரே பட்டியலாக. பட்டியல் முறையில் கட்சியின் வாக்கு இரண்டு பெயர்களுக்குப் பிரிந்தால் அந்த மாநிலத்தின் அத்தனை தேர்வாளர்களும் எதிரிக்குப் போய்விடுவார்கள். ஆகவே தேர்தலுக்கு முன்பே ஒரே பெயர் வேண்டும். அந்தப் பெயரைச் சொல்பவருக்கு மற்றவர்கள் தலையாட்டக்கூடிய உரிமையும் வேண்டும். இந்த இரண்டு தேவைகளும் சேர்ந்துதான் மாநாட்டை இழுத்துவந்தன என்பது என் கணிப்பு. இதை ஆவணத்தைக் காட்டி நிரூபிக்க இயலாது. கால வரிசை பொருந்துகிறது என்று மட்டும் சொல்லலாம்.

இப்போது கேட்டவரின் சிறிய கட்சிக்கு வருவோம். நியூயார்க் மாநிலத்தின் பட்டேவியா ஊரில் வில்லியம் மார்கன் என்பவர் ஃபிரீமேசன் சங்கத்தின் ரகசியங்களை அச்சிடப் போவதாகச் சொன்னார். 1826 செப்டம்பரில் அவரைக் கைது செய்து கனன்டைகுவா சிறைக்குக் கொண்டுபோனார்கள். அங்கிருந்து சிலர் அவரை வண்டியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். அதன் பிறகு அவர் காணவில்லை. சங்கத்தாரே நீதிமன்றத்திலும் காவலிலும் இருந்ததால் வழக்கு அமுக்கப்படுகிறது என்ற கோபத்தில் பிறந்தது அந்தக் கட்சி. அதற்குக் காங்கிரஸில் காக்கஸ் கூட்டும் அளவுக்கு ஆள் கிடையாது. ஃபெடரலிஸ்டுகளின் அதே நிலை. ஆனால் ஒரு வேறுபாடு உண்டு. ரகசியச் சங்கத்தை எதிர்த்துப் பிறந்த கட்சி ரகசியமாகக் கூட முடியாது. அழைப்பு, விவாதம், வாக்கு எல்லாம் வெளியில் நடந்தாக வேண்டும், அச்சிட்டும் கொடுக்க வேண்டும். 1808-இன் தேவையும் 1831-இன் தேவையும் ஒன்றே. அந்தத் தேவை ஒரு முறை இருட்டிலும் மறுமுறை வெளிச்சத்திலும் தீர்க்கப்பட்டது.

1830 செப்டம்பர் 11 அன்று, மார்கன் கைதான நாளின் நினைவாக, பிலடெல்பியாவில் கூடினார்கள். அங்கே வேட்பாளரைத் தேர்ந்தெடுக்கவில்லை. அடுத்த ஆண்டு செப்டம்பர் 26 அன்று பால்டிமோரில் கூடுவது, ஒவ்வொரு மாநிலமும் காங்கிரஸின் இரு அவைகளிலும் தனக்கு எத்தனை உறுப்பினர்களோ அத்தனை பிரதிநிதிகளை அனுப்புவது என்று முடிவெடுத்துக் கலைந்தார்கள். நான் இதைத்தான் அந்தக் கட்சியின் உண்மையான பங்களிப்பு என்பேன். ஓராண்டு முன்னறிவிப்பு, இடக்கணக்கு, தேதி, ஊர். சொன்னபடி பால்டிமோரில் கூடி, முன்னாள் அட்டர்னி ஜெனரல் வில்லியம் விர்ட்டை வேட்பாளராக்கினார்கள். வேடிக்கை என்னவென்றால் விர்ட் ஒரு காலத்தில் ஃபிரீமேசன் சங்கத்தில் சேர்ந்தவர். அதை அவரே மாநாட்டுக்கு எழுதிய கடிதத்தில் சொன்னார், அவர்களும் பொறுத்துக்கொண்டார்கள். தேர்தலில் வெர்மான்ட் மாநிலத்தின் 7 தேர்வாளர் வாக்குகள் மட்டுமே கிடைத்தன.

அதே 1831 டிசம்பரில் ஜாக்சனை எதிர்த்த நேஷனல் ரிபப்ளிகன்கள் அதே பால்டிமோரில் கூடி ஹென்றி கிளேயை அறிவித்தார்கள். 1832 மேயில் ஜாக்சனின் கட்சியும் அங்கேயே கூடியது. 'பெரிய கட்சிகள் உடனே பின்பற்றின' என்ற எண்ணம் இந்த வரிசையிலிருந்துதான் வருகிறது. ஜாக்சன் கட்சியின் மாநாடு எதற்காகக் கூடியது என்று பாருங்கள். ஜாக்சனைத் தேர்ந்தெடுக்க அன்று. அவரை ஏற்கெனவே பல இடங்களில் முன்மொழிந்தாயிற்று, அவற்றோடு நாங்களும் உடன்படுகிறோம் என்று ஒரு தீர்மானத்தோடு விட்டுவிட்டார்கள். உண்மையான வேலை துணை அதிபர் பதவிக்கு ஆள் பிடிப்பது. கால்ஹூனோடு ஜாக்சன் முறித்துக்கொண்டிருந்தார். வான் பியூரனை பிரிட்டனுக்குத் தூதராக நியமித்ததை, அந்த ஜனவரியில் செனட் சரிபாதியாகப் பிரிந்து நின்றபோது, துணை அதிபர் என்ற முறையில் தலைமை வகித்த கால்ஹூன் தன் ஒரே வாக்கால் தோற்கடித்தார். ஜாக்சன் வான் பியூரனையே கால்ஹூனின் நாற்காலியில் உட்காரவைத்தார். 283 வாக்குகளில் வான் பியூரனுக்கு 208. மக்கள் தேர்ந்தெடுத்தார்கள் என்ற முத்திரையைத் தலைவரின் விருப்பத்தின் மீது குத்த மாநாடு எவ்வளவு வசதியானது என்பது அன்றே தெரிந்துவிட்டது.

வெற்றிக்கு மூன்றில் இரண்டு பங்கு வாக்கு வேண்டும் என்ற விதியும் அங்கேதான் பிறந்தது. தென்மாநிலங்கள் தங்கள் கையில் ஒரு தடை ஆயுதம் வைத்துக்கொள்ளவே இதைக் கொண்டுவந்தன என்று பலர் எழுதுகிறார்கள். பிற்காலத்தில் அது அப்படிப் பயன்பட்டது உண்மை. 1844-இல் வான் பியூரன் முதல் சுற்றில் 266-இல் 146 வாங்கியும் வேட்பாளராக முடியாமல் போனது அதனால்தான். ஆனால் 1832-இல் வெளிப்படையாகச் சொல்லப்பட்ட காரணம், வெறும் பெரும்பான்மையைவிடப் பெரிய ஆதரவு என்றால் பார்ப்பவர்களுக்கு எடுப்பாக இருக்கும் என்பது. பின்னால் நடந்ததை முன்னால் ஏற்றிப் படிக்கும் பழக்கம் வரலாற்று மாணவர்களை விடாமல் துரத்தும் நோய்.

1835-ஆம் ஆண்டு டெமாக்ரட் கட்சி (ஜாக்சனின் கட்சிதான்) மாநாட்டைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. அதுவும் பால்டிமோர்தான். பக்கத்திலேயே இருந்ததால் மேரிலாந்திலிருந்து கூட்டம் கூட்டமாக வந்துவிட்டார்கள். டென்னசி ஒருவரையும் அனுப்பவில்லை. அந்த மாநிலம் தன் சொந்த ஆளான ஹியூ வைட்டை ஆதரித்துக் கோபித்துக்கொண்டிருந்தது. ஆனால் ஜாக்சனின் மாநிலம் வராவிட்டால் எப்படி? ரக்கர் என்ற டென்னசிக்காரர் ஒருவர் அப்போது வேறு வேலையாகப் பால்டிமோரில் இருந்தார். அவரைக் கொண்டுவந்து உட்காரவைத்து, டென்னசியின் 15 வாக்குகளையும் அவரே போட அனுமதித்தார்கள். துணை அதிபர் பதவிக்கு ரிச்சர்ட் ஜான்சன் 178, வில்லியம் ரைவ்ஸ் 87. நீங்களே கணக்குப் போட்டுப் பாருங்கள். அந்த 15 இல்லாவிட்டால் ஜான்சனுக்கு மூன்றில் இரண்டு பங்கு தேறியிருக்காது. எவரும் அனுப்பாத ஒருவர் ஒரு துணை அதிபர் வேட்பாளரை முடிவு செய்துவிட்டார். எதிரிகள் இதை வைத்து நெடுநாள் சிரித்தார்கள்.

அந்தத் தேர்தலில் எதிர்த்தரப்பான விக் கட்சி தேசிய மாநாடே நடத்தவில்லை. ஹாரிசன், வைட், வெப்ஸ்டர் என்று பகுதிக்கு ஒருவரை நிறுத்தியது. டெமாக்ரட் மாநாட்டைப் பதவியில் இருப்பவர்களின் கூட்டம் என்று ஏசியது. 1839 டிசம்பரில்தான் விக்குகள் ஹாரிஸ்பர்க்கில் கூடினார்கள். 1840-இல் டெமாக்ரட்டுகள் மாநாடு கூட்டியும் துணை அதிபர் வேட்பாளரைத் தீர்மானிக்க முடியாமல் மாநிலங்களிடமே விட்டுவிட்டார்கள். ஆகவே 'உடனே' என்பது சரியில்லை. பத்தாண்டுகள் தடுமாறித்தான் நிலைத்தது.

உறுதியாகச் சொல்ல முடியாத இடம் எது என்றும் சொல்லிவிட வேண்டும். மாநாட்டு நடவடிக்கைகள் அச்சில் கிடைக்கின்றன. ஆனால் அங்கே வந்தவர்களை அனுப்பிய ஊர்க்கூட்டங்கள் எப்படி நடந்தன? அக்காலப் பத்திரிகைகளைப் புரட்டினால் ஊருக்கு ஊர் 'பெருந்திரளான, மதிப்புக்குரிய கூட்டம்' என்று ஒரே வார்த்தை. முதலில் நானும் நம்பினேன். பிறகு, ஒரே பத்திரிகையில் இரு கட்சிகளின் கூட்டங்களுக்கும் அதே வாசகம் வருவதைப் பார்த்ததும், அது அச்சுக்கோப்பவர் கைப்பழக்கம் என்று புரிந்தது. வந்தவர்கள் நாற்பது பேரா, நானூறு பேரா என்பதை அதை வைத்துச் சொல்ல முடியாது. விடுதியின் மாடியறையில் முந்தின இரவு நடந்த பேரமும் எந்த நடவடிக்கைக் குறிப்பிலும் ஏறாது. அதனால்தான் மாநாட்டு முறையை மக்களாட்சியின் வெற்றி என்று சிலரும், கட்சி இயந்திரத்தின் பிறப்பு என்று சிலரும் நூறு ஆண்டுகளுக்கும் மேலாக வாதாடுகிறார்கள். இரண்டுக்கும் சான்று உண்டு. ஆனால் எல்லைப்புறத்து எளிய குடியானவர்களின் சமத்துவ உணர்விலிருந்து மாநாடு பிறந்தது என்ற பழைய கதையை மட்டும் துணிந்து மறுக்கலாம். அது பிறந்தது கிழக்கே, நடு மாநிலங்களில். மேற்கும் தெற்கும் கடைசியில்தான் ஏற்றன, அதுவும் முணுமுணுத்துக்கொண்டு.

இல்லினாயில் விக் கட்சிக்காரர்கள் அப்படி முணுமுணுத்தவர்கள். தனக்குத் தோன்றினால் எவரும் தேர்தலில் நிற்கலாம், மாநாடு வைத்துத் தடுக்க இவர்கள் யார் என்பது அங்கே பொதுவான மனநிலை. 1843 மார்ச்சில் அம்மாநில விக்குகளுக்கு ஒரு சுற்றறிக்கை போனது. எழுதியவர்களில் ஒருவர் ஆபிரகாம் லிங்கன். மாநாட்டு முறையை ஏற்றுக்கொள்ளுங்கள், எதிரி அதை வைத்துத்தான் நம்மைத் தோற்கடிக்கிறான் என்று அதில் கெஞ்சாத குறையாக வாதாடியிருக்கிறார். கட்டுக் குச்சிக் கதையும் உண்டு, பிளவுபட்ட வீடு நிலைக்காது என்ற வாசகமும் உண்டு. பதினைந்து ஆண்டுகள் கழித்து அடிமைமுறை பற்றிய உரையில் உலகப் புகழ் பெறப்போகும் அதே வாசகம், இங்கே கட்சிக் கட்டுப்பாட்டுக்காக வந்திருக்கிறது. சில நாள்களில் அவர் ஊரான சாங்கமன் கவுண்டியின் கூட்டம் காங்கிரஸ் வேட்பாளராக அவரை விட்டுவிட்டு அவர் நண்பர் எட்வர்ட் பேக்கரை ஆதரித்தது. அதோடு விடவில்லை, மேல் மாநாட்டில் பேக்கருக்காகப் பேசும் பிரதிநிதியாக லிங்கனையே நியமித்தது. இன்னொரு நண்பருக்கு எழுதிய கடிதத்தில் லிங்கன் புலம்புகிறார்: தன் காதலியைத் தட்டிக்கொண்டு போனவனுக்கே மாப்பிள்ளைத் தோழனாக நிற்பதைப் போல இருக்கிறதாம். ஆனாலும் போனார். அந்த மே மாதம் பீக்கின் ஊரில் கூடிய மாநாடு பேக்கரையும் விட்டுவிட்டு ஜான் ஹார்டினைத் தேர்ந்தெடுத்தது. லிங்கனின் முறை 1846-இல் வந்தது.